வெட்டு பிறந்த கதை

1895 ஆகஸ்ட் 28 அன்று, அமெரிக்காவின் நியூ ஜெர்சியில், எடிசன் கம்பெனி ஆட்கள் ஒரு ராணியின் தலையை வெட்டத் தயாரானார்கள். ஸ்காட்லாந்து ராணி மேரி மண்டியிட்டுக் கட்டையின் மேல் கழுத்தை வைத்தாள். வைத்தது ராணியும் இல்லை, பெண்ணும் இல்லை. படம் காட்டும் கம்பெனியில் வரவு செலவு பார்த்துவந்த ராபர்ட் தோமே என்பவர்தான் பாவாடை கட்டிக்கொண்டு குனிந்திருந்தார். மரண தண்டனையை நிறைவேற்றுபவன் கோடரியை ஓங்கினான். அந்த நொடியில் கேமராவை நிறுத்தினார் படத்தை இயக்கிய அல்ஃப்ரெட் கிளார்க். சுற்றி நின்றவர்கள் அசையாமல் நின்றார்கள். தோமே எழுந்து போனார். அவர் இடத்தில் ஒரு பொம்மை வந்தது. கேமரா மறுபடி ஓடியது, கோடரி இறங்கியது, தலை உருண்டது. மொத்தப் படமே 18 விநாடிதான். நின்ற இடத்தையும் தொடங்கிய இடத்தையும் சேர்த்து ஒட்டியதும் நடுவில் நடந்த ஆள்மாறாட்டம் மாயமாய் மறைந்தது. சினிமாவின் முதல் வெட்டு ஒரு கழுத்தின் மேல் விழுந்துவிட்டது. அதன் அருமை கிளார்க்குக்கே தெரியவில்லை. சில ஆண்டுகளில் அவர் சினிமாவை விட்டுவிட்டு கிராமபோன் வியாபாரத்துக்குப் போனார், பிற்பாடு இ.எம்.ஐ. கம்பெனியின் முதல் தலைவராகவும் ஆனார். அநாதையாக நின்ற அந்த வெட்டு, அடுத்த ஆண்டே பாரிஸ் தெருவில் இன்னொருவர் கையில் தற்செயலாகச் சிக்கியது.

ஜார்ஜ் மெலியே மேடையில் மாயாஜாலம் காட்டியவர். ஓபரா மாளிகைக்கு எதிரே கேமராவை வைத்து, போகிற வருகிற வண்டிகளைப் படம் பிடித்துக்கொண்டிருந்தார். பிலிம் சிக்கிக்கொண்டது. சிக்கலை எடுத்துவிட்டு மறுபடி கைப்பிடியைச் சுழற்றினார். பிலிமைக் கழுவிப் போட்டுப் பார்த்தபோது, பயணிகளை ஏற்றிப்போன குதிரை வண்டி கண்ணெதிரே பிண வண்டியாக மாறியது, ஆண்கள் பெண்களானார்கள். இது மெலியே பின்னாளில் தானே சொன்ன கதை. மாயாஜாலக்காரர் சொன்னது என்பதால் கொஞ்சம் மெருகு ஏறியிருக்கும். அத்தனை பொருத்தமாக ஒரு பிண வண்டி வந்து சேர்ந்தது என்பதை நம்பக் கொஞ்சம் துணிச்சல் வேண்டும். எப்படியிருந்தாலும் அவர் அந்த விபத்தை விடவில்லை. ஆட்களை மறைத்தார், தலைகளைக் கழற்றினார், 1902இல் திரையில் நிலவுக்கே குண்டு விட்டார். முடிவு நல்லபடியாக இல்லை. கடனில் மூழ்கி, மோம்பர்னாஸ் ரயில் நிலையத்தில் பொம்மைக் கடை போட்டு உட்கார்ந்தார். அவருடைய பிலிம்களில் ஒரு பகுதி முதல் உலகப் போரில் உருக்கப்பட்டு, சிப்பாய்களின் பூட்ஸ் குதிகாலுக்குப் போனது. வெட்டினால் மாயம் காட்டலாம் என்று நிரூபித்தவரின் படங்களே மாயமாயின. அதே விதி சென்னையிலும் ஒருவருக்காகக் காத்திருந்தது.

அவர் ஆர். நடராஜ முதலியார், மோட்டார் வண்டி வியாபாரி. படம் பார்த்த மோகம் தலைக்கேறி, பூனாவில் ஸ்டூவர்ட் ஸ்மித் என்ற வெள்ளைக்காரக் கேமராக்காரரிடம் தொழில் கற்றுக்கொண்டு வந்தார். புரசைவாக்கம் மில்லர்ஸ் சாலையில் ஒரு பங்களாவைப் பிடித்து ஸ்டுடியோ ஆக்கினார். 1910களின் பிற்பகுதியில் ‘கீசக வதம்’ பிறந்தது. தென்னிந்தியாவின் முதல் கதைப்படம் அதுதான். இயக்கம் அவர், கேமரா அவர், கத்தரிக்கோலும் அவரே. பிலிம் கழுவ பெங்களூரில் ஒரு லேப் வைத்திருந்ததால், எடுத்ததைத் தூக்கிக்கொண்டு ரயிலேறிப் போய்வருவார். படம் ஓடியது, காசும் வந்தது. 1920களின் தொடக்கத்தில் ஸ்டுடியோவில் தீப்பிடித்தது. அந்தக் காலத்துப் பிலிம் நைட்ரேட்டால் ஆனது. பற்றினால் தண்ணீருக்குக்கூட அடங்காது. மகனையும் பறிகொடுத்த முதலியார் அதோடு சினிமாவிலிருந்து விலகினார். அவர் வெட்டி ஒட்டிய படத்தின் ஓர் அடிகூட இன்று இல்லை. தமிழ் நாட்டின் முதல் எடிட்டர் எப்படி வெட்டினார் என்று பார்க்க வழியே இல்லாமல் போனது.

இதற்குள் அமெரிக்காவில் இயக்குநர்கள் போர்ட்டரும் கிரிஃபித்தும் வெட்டி வெட்டிக் கதை சொல்ல ஆரம்பித்திருந்தார்கள். ரஷ்யாவில் நிலைமை வேறு. 1917 புரட்சிக்குப் பின் அங்கே படமெடுக்கப் பிலிமே இல்லை. லெவ் குலஷோவ் என்ற இளைஞர், கையில் இருந்த பழைய படங்களையே துண்டு போட்டு மாற்றி மாற்றி ஒட்டிப் பார்த்தார். மொஸ்ஜூகின் என்ற நடிகரின் உணர்ச்சி காட்டாத முகத்தை எடுத்தார். அதற்கு அடுத்து ஒரு சூப் கிண்ணத்தை ஒட்டினார், பார்த்தவர்கள் “என்ன பசி அந்த மனுஷனுக்கு!” என்றார்கள். அதே முகத்துக்கு அடுத்து சவப்பெட்டியை ஒட்டியபோது துக்கம் தெரிகிறது என்றார்கள். பெண்ணை ஒட்டியபோது ஆசை தெரிந்தது. முகம் ஒன்றுதான், ஒரு பிரேம்கூட மாறவில்லை. நடிப்பு நடிகரிடம் பாதி, அடுத்த துண்டில் பாதி என்ற உண்மை வெளியே வந்தது. ஆனால் அந்தத் துண்டை எங்கே வெட்டுவது என்று பார்த்துச் சொல்ல உலகத்தில் ஒரு கருவிகூட இல்லை.

எடிட்டர்கள் கண்ணாடிக்கு அடியில் விளக்கை வைத்து, பிலிமை வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்து, இரண்டு கைகளுக்கு நடுவே இழுத்து ஓடவிட்டுக் கணக்குப் போட்டார்கள். பூக்காரம்மா முழம் போடுகிற மாதிரி, மூக்கு நுனியிலிருந்து விரல் நுனி வரை நீட்டி, இத்தனை கை என்றால் இத்தனை விநாடி என்று வெட்டியவர்கள் உண்டு. ஒரு அடிக்கு 16 பிரேம். ஒரு பிரேம் பிசகினால் கதவு திறப்பதற்குள் ஆள் உள்ளே வந்துவிடுவார். வெட்டியபின் புரொஜெக்டரில் ஓட்டிப் பார்த்தால்தான் தப்பு தெரியும். தெரிந்ததும் மறுபடி மேசைக்கு ஓட வேண்டும். இந்தத் தலைவலிக்கு மருந்து வந்தது சினிமாவுக்குச் சம்பந்தமே இல்லாத ஒரு ரயில்வே பொறியாளரின் தோல்வியிலிருந்து.

ஐவன் செருரியர், ஹாலந்தில் பிறந்து அமெரிக்காவில் குடியேறியவர். கிராமபோன் பெட்டி வீட்டுக்கு வீடு வந்துவிட்ட நாட்கள் அவை. பாட்டைப் பெட்டிக்குள் அடைத்து வீட்டில் வைக்க முடிந்தால், படத்தை ஏன் முடியாது? 1917இல் அழகான மரப்பெட்டிக்குள் புரொஜெக்டரை வைத்து ஒரு கருவி செய்யத் தொடங்கினார். ‘விக்ட்ரோலா’ கிராமபோன் பெயரின் சாயலில் அதற்கு ‘மூவியாலா’ என்று பெயர் விழுந்தது. விலை 600 டாலர். மோட்டார் காரே அதைவிட மலிவாகக் கிடைத்த ஊரில் அதை யார் வாங்குவார்கள்? விரல்விட்டு எண்ணக்கூடிய பெட்டிகள்தான் விற்றன. 1924இல் டக்ளஸ் ஃபேர்பேங்க்ஸ் ஸ்டுடியோவின் எடிட்டர் ஒருவர் பெட்டியை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, இதை வெட்டுகிற வேலைக்கு மாற்ற முடியுமா என்று கேட்டார். செருரியர் அந்த வார இறுதியே வேலையில் இறங்கினார். மரப்பெட்டியைத் தூக்கிப் போட்டார், பெரிய விளக்கைக் கழற்றினார், புரொஜெக்டரைத் தலைகீழாகத் திருப்பினார், குனிந்து பார்க்க ஒரு லென்ஸும் சுழற்ற ஒரு கைப்பிடியும் வைத்தார். 125 டாலருக்கு அதே ஸ்டுடியோ முதல் கருவியை வாங்கியது. வீட்டுக்காக 600 டாலரில் படுதோல்வி அடைந்த பெட்டி, ஸ்டுடியோவுக்காகக் கழித்துக் கட்டியதும் விற்றுத் தீர்ந்தது.

அவருடைய மகன் மார்க் இன்னொரு திசையில் போனார். பாலோமர் மலையின் 200 அங்குலத் தொலைநோக்கி எந்தப் பக்கம் சாய்ந்தாலும் அதன் கண்ணாடிகள் நேர் பிசகாமல் நிற்கும்படி ஒரு சட்டத்தை வடிவமைத்தார். வானியலாளர்கள் இன்றும் அதை செருரியர் சட்டம் என்றே சொல்கிறார்கள். 1946இல் நட்சத்திரங்களை விட்டுவிட்டு அப்பாவின் மூவியாலா கம்பெனிக்கு வந்தார். 1979ஆம் ஆண்டுக்கான ஆஸ்கர் விருதையும் அந்தக் கருவிக்காக வாங்கினார். ஆனால் மூவியாலா பிறந்த மூன்றே ஆண்டுகளில், 1927இல், சினிமா வாய் திறந்தது. கத்தரிக்கோலின் கை கட்டப்பட்டது.

ஊமைப்படத்தை எங்கே வேண்டுமானாலும் வெட்டலாம். பேசுகிறவனை வாக்கியத்தின் நடுவில் எப்படி வெட்டுவது? தொடக்கக்காலக் கருவிகள் சிலவற்றில் ஒலியும் படமும் ஒரே பிலிமில் பதிந்தன. அதிலும் ஒரு வம்பு: ஒரு பிரேமுக்கு உரிய ஒலி அந்தப் பிரேமுக்குப் பக்கத்திலேயே இருக்காது, சுமார் 20 பிரேம் தள்ளி இருக்கும். முகத்தைப் பார்த்து வெட்டினால் சொல் துண்டாகும், சொல்லைப் பார்த்து வெட்டினால் முகம் துண்டாகும். 1931 தீபாவளியையொட்டி, அக்டோபர் 31 அன்று தமிழின் முதல் பேசும் படமான ‘காளிதாஸ்’ வந்தது. தமிழில் பேசும் படங்கள் பெருகின, பாட்டுகள் அதைவிடப் பெருகின. கேமராவை நட்டுவைத்து, பாட்டு முடியும்வரை எடுத்துவிட்டு, அப்படியே சேர்த்து ஒட்டினார்கள். பதினெட்டாயிரம், இருபதாயிரம் அடி என்று படங்கள் நீண்டன. 1,000 அடி ரீல் ஓட 11 நிமிடம் ஆகும் என்றால், அவற்றைப் பார்த்தவர்களின் பொறுமையை மெச்சத்தான் வேண்டும். தமிழே தெரியாத எல்லிஸ் டங்கன் என்ற அமெரிக்கர் 1935இல் இந்தியாவுக்கு வந்து, குளோஸ்-அப்பும் வேகமான வெட்டும் காட்டியபோது ரசிகர்களுக்குப் புதுமையாக இருந்தது. மற்றபடி நீளத்தைக் குறைக்க யாருக்கும் மனம் வரவில்லை. அந்தக் காரியத்தைக் கடைசியில் ஹிட்லர் செய்துவைத்தார்.

இரண்டாம் உலகப் போரில் கச்சா பிலிம் கப்பல் ஏறி வருவது அரிதானது. கதைப்படம் எதுவும் 11,000 அடிக்கு மேல் போகக்கூடாது என்று பிரிட்டிஷ் இந்திய அரசு உத்தரவு போட்டது. பாதிப் படத்தைக் கொன்றுவிட்டார்கள் என்று முதலாளிகள் புலம்பினார்கள். கோவை சென்ட்ரல் ஸ்டுடியோவில் சுந்தர்ராவ் நட்கர்னி மட்டும் புலம்பியதாகத் தெரியவில்லை. அவர் தொழிலால் எடிட்டர். எதை எடுக்காமல் விடலாம் என்று தெரிந்தவர். தியாகராஜ பாகவதரை வைத்து அவர் இயக்கிய ‘ஹரிதாஸ்’ இரண்டு மணி நேரச் சொச்சத்தில் முடிந்தது. பாட்டுக்குக் குறைவில்லை, ஆனால் கதை நின்று இளைப்பாறவில்லை. 1944 தீபாவளிக்கு வந்த படம், சென்னை பிராட்வே தியேட்டரில் மூன்று தீபாவளிகளைப் பார்த்தது. அடுத்த தீபாவளி வருவதற்குள் பாகவதர் லட்சுமிகாந்தன் கொலை வழக்கில் சிறைக்குப் போய்விட்டார். நாயகன் கம்பிக்குள், படம் திரையில். ரஷ்யாவில் நடந்ததுதான் இங்கேயும் நடந்தது என்பது என் கட்சி: தமிழ் சினிமாவுக்குக் கத்தரிக்கோல் பிடிக்கக் கற்றுக்கொடுத்தது பிலிம் பஞ்சம். அந்தப் பஞ்ச காலத்திலேயே, அதே கோவையில், கும்பகோணத்துக்காரர் ஒருவர் துண்டுபிலிம்களுக்கு நடுவே காத்துக்கொண்டிருந்தார்.

பஞ்சாபகேசன், 1915இல் கும்பகோணம் பக்கத்து உமையாள்புரத்தில் பிறந்தவர். மல்யுத்த வீரர்போல உடம்பு வைத்திருந்த இயக்குநர் பி.கே. ராஜா சாண்டோவிடம் உதவி எடிட்டர். டங்கனிடம் உதவி இயக்குநர். கோவை கந்தன் ஸ்டுடியோவில் லேபைப் பார்த்துக்கொண்டிருந்த கிருஷ்ணனும் இவரும் நண்பர்களானார்கள். ஒருவர் கழுவுவார், ஒருவர் வெட்டுவார். இந்த இரண்டு இருட்டறைக்காரர்களையும் வெளிச்சத்துக்கு இழுத்துவிட்டவர் ராஜா சாண்டோதான். 1944இல் ‘பூம்பாவை’ வந்தது, கிருஷ்ணன்-பஞ்சு என்ற இரட்டைப் பெயர் பிறந்தது. இயக்குநர் ஆன பிறகும் பஞ்சு கத்தரிக்கோலைக் கீழே வைக்கவில்லை. எடிட்டிங் என்று வருகிற இடத்தில் ‘பஞ்சாபி’ என்று போட்டுக்கொண்டார். காவிரிக்கரைக்காரர் டைட்டில் கார்டில் பஞ்சாபியாக உலாவியதில் எத்தனை பேர் ஏமாந்தார்களோ! அந்தப் பஞ்சாபியின் மேசைக்கு 1952இல் தமிழ் சினிமாவின் மிகப் பெரிய தலையெழுத்து ஒன்று வந்து சேர்ந்தது.

படம் ‘பராசக்தி’. கலைஞர் மு. கருணாநிதி வசனம், நேஷனல் பிக்சர்ஸ் பெருமாள் முதலியார் தயாரிப்பு, ஏவி.எம். கூட்டு. கதாநாயகன் நாடக மேடையிலிருந்து வந்த வி.சி. கணேசன், மாதச் சம்பளம் 250 ரூபாய். ஆயிரக்கணக்கான அடி எடுத்து முடித்திருந்த நிலையில் ஏ.வி. மெய்யப்பன் முகம் சுளித்தார். பையன் ஒல்லியாக இருக்கிறான், கே.ஆர். ராமசாமியைப் போடலாம் என்றார். மெய்யப்பன் சும்மா சொல்கிற ஆள் இல்லை. காரைக்குடியில் கடை, பிறகு சரஸ்வதி ஸ்டோர்ஸ் என்று கிராமபோன் தட்டு விற்று வந்தவர், காது கூர்மை. ‘நந்தகுமார்’ படத்தில் 1938லேயே, நடித்தவரின் குரலுக்குப் பதிலாக லலிதா வெங்கட்ராமன் குரலை ஒட்டிப் பின்னணிப் பாட்டுக்கு வழி திறந்தவர். கன்னட ‘ஹரிச்சந்திரா’வின் உதடுகளுக்குத் தமிழ் வசனம் பொருத்தி, 1944இல் இந்தியாவின் முதல் டப்பிங் படத்தை விட்டவரும் அவரே. போர்க்காலத்தில் சென்னையில் ஸ்டுடியோவுக்கு மின்சாரம் கிடைக்காமல், காரைக்குடியில் கொட்டகை போட்டுப் படம் எடுத்துவிட்டு, 1948இல்தான் கோடம்பாக்கத்துக்கு வந்திருந்தார். பிடிக்காத காட்சியைத் தூக்கி எறிந்துவிட்டு மறுபடி எடுக்க அஞ்சாதவர். அப்படிப்பட்டவர் வேண்டாம் என்று சொன்னபின் கணேசனின் கதி?

பெருமாள் முதலியார் மசியவில்லை. நடித்தால் கணேசன்தான் என்று நின்றார். படப்பிடிப்பு தொடர்ந்தது. நாட்கள் போகப் போக கணேசன் உடம்பிலும் கொஞ்சம் சதை பிடித்தது, நடிப்பிலும் தெம்பு ஏறியது. படம் முடிந்து போட்டுப் பார்த்த மெய்யப்பனுக்குத் திருப்தி. இப்போது அவருக்கு வேறு கவலை வந்தது: முதலில் எடுத்த காட்சிகளில் அதே ஆள் ஒல்லியாகத் தெரிகிறாரே! அவற்றை மறுபடி எடுக்கச் சொன்னார். எடிட்டரின் நாற்காலியில் உட்கார்ந்து பார்த்தால்தான் இதன் நெருக்கடி புரியும். இப்படித் துண்டு துண்டாக மாற்றி எடுத்ததை, ஒரே மனிதன் ஒரே மூச்சில் வாழ்ந்த வாழ்க்கையாகத் தைக்க வேண்டும். அதோடு நீதிமன்றக் காட்சி வேறு. நிமிடக்கணக்கில் ஓடுகிற வசனம்; நடுவில் எங்கே கேட்பவர் முகத்துக்குப் போவது, எங்கே பேசுபவரிடம் திரும்புவது, எந்தச் சொல்லில் கைதட்டல் விழும், அந்தக் கைதட்டலில் அடுத்த சொல் அடிபடாமல் இருக்க எத்தனை பிரேம் மூச்சு விடுவது? பஞ்சு விட்டார். 1952 அக்டோபர் 17, தீபாவளி. படம் 175 நாள் தாண்டியது. சிவாஜி கணேசனைத் தெரியாதவர் யாரும் இல்லை என்றானது. பஞ்சாபியை யாரும் கேட்கவில்லை. ஆனால் அந்த எடிட்டிங் ரூமில் உதவியாளராக இன்னொருவர் தொழில் கற்று வெளியே வந்துகொண்டிருந்தார்.

அந்த அறைகள் அப்போது எப்படி இருந்தன என்று சொல்லிவிட்டால்தான் மேலே போக முடியும். மூவியாலா கடகடவென்று இரைந்துகொண்டிருக்கும். துணிப்பை கட்டிய தொட்டி, அதன் மேல் கம்பி, கம்பியில் வரிசையாக ஊசிகள், ஒவ்வோர் ஊசியிலும் ஒரு ஷாட் தொங்கும். எண் மாறித் தொங்கவிட்ட உதவியாளருக்கு அன்றைக்கு அர்ச்சனைதான். பிலிமின் முனையைச் சுரண்டி, பிலிம் சிமெண்ட் தடவி, ஒன்றின் மேல் ஒன்றை வைத்து அழுத்துவார்கள். இந்த ஒட்டில் ஒரு பிரேம் பலியாகும். எனவே வெட்டியது சரியில்லை என்று பழையபடி சேர்த்தால், ஏற்கெனவே ஒரு பிரேம் போயிருக்கும். மறுபடி மாற்றினால் இன்னொன்று போகும். மனதை மாற்றிக்கொள்ள ஒவ்வொரு தடவையும் விலை கொடுத்தார்கள். அதனால் கத்தரிக்கோலை எடுப்பதற்கு முன்னால் யோசித்தார்கள். இத்தாலியில் ஃபெலினியின் எடிட்டர் லியோ கட்டோஸோ, பிரேம் போகாமல் டேப் ஒட்டுகிற ஒரு சின்ன அழுத்துக்கருவியைக் கண்டுபிடித்து இந்தத் துயரத்துக்கு முடிவு கட்டினார். அந்தக் கருவி உலகமெல்லாம் போயிற்று. சிமெண்ட் வாசனையோடு தொழில் படித்தவர்களில் ஒருவர்தான் ஏ. பீம்சிங்.

கிருஷ்ணன்-பஞ்சுவிடம் உதவி எடிட்டர், பிறகு கிருஷ்ணன் வீட்டு மாப்பிள்ளை. 1954இல் ‘அம்மையப்பன்’ மூலம் இயக்குநர் ஆனார். ‘பாகப்பிரிவினை’, ‘பாவ மன்னிப்பு’, ‘பாசமலர்’ என்று ‘ப’ வரிசையில் அவர் அடித்த அடி தனிக்கதை. எடிட்டிங் ரூமிலிருந்து இயக்குநர் நாற்காலிக்குப் போகிற வழி அந்தக் காலத்தில் அகலமாகவே திறந்திருந்தது. எம்.வி. ராமன், கே. சங்கர், சின்னப்பா தேவரின் தம்பி எம்.ஏ. திருமுகம் எல்லோரும் அந்த வழியில் வந்தவர்கள்தான், எஸ்.பி. முத்துராமனும் ஏவி.எம். எடிட்டிங் பிரிவில் தொடங்கியவர். காரணம் எளிது. எடுத்ததில் எது வீண் என்று தினமும் கண்ணால் பார்ப்பவருக்கு, எதை எடுக்க வேண்டாம் என்று தெரிந்துவிடும். ஏவி.எம். ஒரு படத்தைப் பாதியில் இயக்குநர் இல்லாமல் வைத்துக்கொண்டு தவித்தபோது பீம்சிங்கைத்தான் கூப்பிட்டது. டி. பிரகாஷ்ராவ் தொடங்கி விட்டுப்போன அந்தப் படம் ‘களத்தூர் கண்ணம்மா’. 1960இல் அது வெளியானபோது அதில் நடித்த ஐந்து வயதுப் பையன் ஒருவன் எல்லோரையும் அழவைத்தான். மூவியாலாவுக்கு முடிவு கட்டப்போகிறவன் அவன் என்று யார் கண்டார்கள்?

அதே 1960களில் உலகத்தின் இன்னொரு மூலையில், பிராகின் பராண்டோவ் ஸ்டுடியோவில், மிரொஸ்லாவ் ஹாயெக் என்ற எடிட்டர் இருந்தார். செக் புதிய அலை என்று கொண்டாடப்பட்ட படங்களின் டைட்டிலில் திரும்பத் திரும்ப வருகிற பெயர் அது. மிலோஷ் ஃபோர்மனுக்கும் அவர், வேரா கிட்டிலோவாவுக்கும் அவர், யான் நெமெட்ஸுக்கும் அவர். 1966இல் கிட்டிலோவாவின் ‘டெய்ஸிஸ்’ படத்தில் இரண்டு பெண்கள் கத்தரிக்கோலால் ஒருவரையொருவர் வெட்டுகிறார்கள். கை தனியாக, தலை தனியாக, கடைசியில் திரையே துண்டு துண்டாகச் சிதறுகிறது. மற்ற எடிட்டர்கள் ஒளித்துவைத்த கத்தரிக்கோலை ஹாயெக் வெளியே காட்டிவிட்டார். அடுத்த ஆண்டு செக்கோஸ்லோவாக்கிய நாடாளுமன்றத்தில் ஓர் உறுப்பினர் எழுந்து, படத்தில் சோற்றை வீணடிக்கிறார்கள் என்று கொதித்தார். வெட்டைப் பற்றி அவர் எதுவும் சொல்லவில்லை. இயக்குநர் திட்டு வாங்குவார், எடிட்டர் தப்பிப்பார். இது பிராகிலும் கோடம்பாக்கத்திலும் ஒரே நியாயம்.

இத்தனை யோசித்து வெட்டிய படங்கள் கடைசியில் டூரிங் டாக்கீஸ் கொட்டகைக்கு வந்தபோது அங்கே இன்னொரு எடிட்டர் காத்திருந்தார். நெய்வேலியைச் சுற்றி முந்திரிக்காட்டு நடுவில் இருக்கிற முத்தாண்டிக்குப்பம், காடாம்புலியூர் பக்கத்து ஊர்களுக்கெல்லாம் படம் போய்ச்சேர்வதற்குள் பிரிண்ட் பல கொட்டகைகளில் தேய்ந்திருக்கும். நெய்வேலி அனல்மின் நிலையம் 1962இல்தான் ஓடத் தொடங்கியது. அதுவரைக்கும், அதற்குப் பிறகும் பல கிராமங்களில், டீசல் எஞ்சினும் கார்பன் குச்சி வெளிச்சமும்தான் துணை. பல் போன பிலிம் புரொஜெக்டரில் மாட்டி அறுந்தால், ஆபரேட்டர் கிழிந்ததை நறுக்கிவிட்டு விசில் சத்தத்துக்கு நடுவே ஒட்டி ஓட்டுவார். பஞ்சு மூச்சுக்கு விட்ட பிரேம்கள் அங்கே தரையில் விழுந்தன. பொறுக்க வந்த பையன்கள் அவற்றை வெயிலில் தூக்கிப் பார்த்தார்கள். குண்டு பல்புக்குள் தண்ணீர் ஊற்றி லென்ஸாக்கி, கண்ணாடித் துண்டில் வெயிலைத் திருப்பி, வீட்டுச் சுவரில் எம்.ஜி.ஆரை நிறுத்திக் காட்டினார்கள். கத்தரிக்கோலுக்கும் ஊர்ப் பிள்ளைகளுக்கும் இருந்த உறவு அந்தத் துண்டோடு சரி. வெட்டுகிற வேலை மட்டும் கோடம்பாக்கத்தின் பூட்டிய அறைகளை விட்டு வெளியே வரவில்லை.

பூட்டு பாஸ்டன் பக்கத்தில் உடைந்தது. பில் வார்னர் கம்ப்யூட்டர் கம்பெனி ஒன்றில் மார்க்கெட்டிங் பிரிவில் இருந்தவர். கம்பெனிக்காக வீடியோ தொகுக்கப் போய், டேப்பை முன்னும் பின்னும் ஓட்டி ஓட்டி வெறுத்துப்போனார். கம்ப்யூட்டரில் எழுத்தை மாற்றுகிறோமே, படத்தை ஏன் அப்படி மாற்ற முடியாது? 1987இல் ஏவிட் கம்பெனியைத் தொடங்கினார். வெட்டிப் பார்க்கப் பிலிமைத் தொடவே வேண்டாம். பிம்பங்கள் கம்ப்யூட்டருக்குள் இருக்கும், வெட்டுவது வெறும் கணக்கு. நூறு தடவை மனம் மாறினாலும் ஒரு பிரேம்கூடப் போகாது. ஹாலிவுட்டே முதலில் தயங்கியது. வால்டர் மர்ச் ஏவிட்டில் தொகுத்த ‘தி இங்லிஷ் பேஷன்ட்’டுக்கு எடிட்டிங் ஆஸ்கர் கிடைத்தது 1997இல்தான். அதற்கு மூன்று வருஷம் முன்பே அந்தக் கருவி சென்னையில் இறங்கிவிட்டது. இறக்கியவர் ‘களத்தூர் கண்ணம்மா’வின் அந்தப் பையன், கமல்ஹாசன். 1994இல் வந்த ‘மகாநதி’யையும் ‘நம்மவர்’ஐயும்தான் இந்தியாவில் ஏவிட்டுக்கு முன்னோடி என்று சொல்கிறார்கள்.

பீம்சிங்கின் மகன் பி. லெனின் அப்போது பிலிமும் கத்தரிக்கோலுமாகக் கொடிகட்டிப் பறந்த எடிட்டர். வி.டி. விஜயனோடு சேர்ந்து ‘நாயகன்’ வெட்டியவர். அதே 1994ஆம் ஆண்டின் ‘காதல’னுக்காக இருவரும் தேசிய விருது வாங்கினார்கள். அப்பா இயக்கிய படத்தில் அறிமுகமான குழந்தை கம்ப்யூட்டரைக் கொண்டுவர, மகன் பிலிமில் விருது வாங்க, இரண்டு காலமும் ஒரே வருஷத்தில் ஒரே ஊரில் முட்டிக்கொண்டன. பத்தே ஆண்டில் மூவியாலாக்கள் மூலைக்குப் போயின; பல எடைக்குப் போயின. கம்ப்யூட்டர் மேசையிலிருந்து மடிக்கு இறங்கி, மடியிலிருந்து சட்டைப்பைக்கு வந்தது.

முத்தாண்டிக்குப்பத்தில் முந்திரி மரத்தடியில் உட்கார்ந்து ரீல்ஸ் போடுகிற பையனின் செல்போனில், வீடியோவுக்குக் கீழே ஒரு குட்டிக் கத்தரிக்கோல் படம் இருக்கிறது. கட்டைவிரலால் தொட்டால் வீடியோ இரண்டாகிறது. அந்தப் படத்துக்கு இரண்டு தகப்பன்மார்: பத்திரிகை ஆபீஸில் காகிதத்தை நறுக்கி ஒட்டியவர்கள் ஒரு பக்கம், பிலிமை நறுக்கி ஒட்டியவர்கள் இன்னொரு பக்கம். கேமரா நிற்காமலே ஆள் மறைகிற வித்தை, ஒரே முகத்துக்குப் பக்கத்தில் வேறு வேறு படம் ஒட்டிச் சிரிக்கவைக்கிற வித்தை எல்லாம் அந்தப் பையனுக்கு விளையாட்டு. பக்கத்து ஊர் கல்யாண வீடியோக்காரருக்குத்தான் பழைய சிக்கல் இன்னும் தீரவில்லை. மூன்று நாள் கல்யாணத்தைப் பாட்டுப் போட்டு நாலு நிமிடத்தில் அடக்கி அனுப்பினால், இரவு பதினொரு மணிக்குத் தாய்மாமன் போன் செய்கிறார்: தான் சீர்த்தட்டு தூக்கிவந்ததை யார் வெட்டினார்கள் என்று அவருக்கு உடனே தெரிந்தாக வேண்டும்.